பகடை உருண்ட பிறகு

போன இதழில் பேக்கமன் போட்டிகளைப் பற்றி இரண்டு பக்கம் எழுதியிருந்தேன். அதைப் படித்துவிட்டு வந்த கேள்விகளில் சிலவற்றுக்கு இங்கே பதில் சொல்கிறேன். புதிதாகப் படிப்பவர்களுக்காகச் சுருக்கமாக: பலகையில் 24 முக்கோணங்கள், ஆளுக்கு 15 காய், இரண்டு பகடை. இரண்டு பேரும் எதிரெதிர் திசையில் காய்களை ஓட்டிக்கொண்டு போய், தங்கள் பக்கத்துக் கடைசி ஆறு முக்கோணங்களில் சேர்த்து, அப்புறம் ஒவ்வொன்றாக வெளியே எடுக்க வேண்டும். தனியாக நிற்கும் காயை எதிராளி வெட்டலாம். இரண்டு காய் சேர்ந்து நின்றால் அது வீடு, அங்கே எதிராளி கால் வைக்க முடியாது. வெட்டு, பழம் என்று தாயத்தில் நாம் சொல்லும் சொற்களையே இங்கேயும் எழுதுகிறேன், அவை அப்படியே பொருந்துகின்றன.

சின்ன வயசில் ஆயாவோடு தாயம் ஆடியவன் நான். இப்போது என் மகன் போனில் பேக்கமன் ஆடுகிறான். பகடையில் என்ன விழுகிறதோ அதுதானே ஆட்டம்? இதில் போட்டி, பயிற்சி, திறமை என்றெல்லாம் பேசுவது எனக்குப் புரியவில்லை.
– பெரம்பூர் வாசகர்

ஒரே ஒரு தடவை உருட்டுவதை மட்டும் எடுத்துக்கொண்டால் நீங்கள் சொல்வது சரி. ஆனால் உங்கள் ஆயா எப்படி ஆடினார் என்று கொஞ்சம் நினைத்துப் பாருங்கள். ஐந்து விழுந்ததும் கைக்கு வந்த காயையா நகர்த்துவார்? மலையில் பத்திரமாக இருக்கும் காயை அசைக்காமல், உங்கள் காய் பின்னால் எத்தனை கட்டத்தில் வந்துகொண்டிருக்கிறது என்று ஒரு பார்வை பார்த்துவிட்டு, அப்புறம்தானே கை வைப்பார். தாயம் ஆடிய எல்லா வீட்டிலும் அடிக்கடி ஜெயிக்கிற ஒருத்தர் இருப்பார். அவருக்குக் கை ராசி என்று சொல்லிவிட்டு நாம் அடுத்த ஆட்டத்துக்குப் போய்விடுவோம்.

பேக்கமனில் அந்த ராசியைக் கணக்காகவே போட்டுக் காட்டலாம். இரண்டு பகடை 36 விதமாக விழும். உங்கள் ஒற்றைக் காய் ஒன்று எதிராளியின் காயிலிருந்து 6 கட்டம் தள்ளி நிற்கிறது, நடுவில் தடை எதுவும் இல்லை என்று வைத்துக்கொள்வோம். ஏதாவது ஒரு பகடையில் ஆறு விழ 11 விதம். அதோடு 5-1 இரண்டு விதம், 4-2 இரண்டு விதம், 3-3 ஒன்று, 2-2 ஒன்று (இரட்டை விழுந்தால் நான்கு முறை ஆடலாம், அதனால் இவையும் சேரும்). மொத்தம் 17. அதாவது கிட்டத்தட்ட பாதிக்குப் பாதி வெட்டுப்படுவீர்கள். அதே காயை ஒரே ஒரு கட்டம் தள்ளி 7-ல் வைத்தால்? 6-1, 5-2, 4-3, இவ்வளவுதான், ஆறே விதம். ஒரு கட்டத்தில் 17 என்பது 6 ஆகிவிடுகிறது. இது தெரிந்தவரும் தெரியாதவரும் ஒரே பகடையைத்தான் உருட்டுகிறார்கள், ஆனால் ஒரு ஆட்டத்துக்கு இருபது முப்பது முறை இப்படி ஏதாவது ஒன்றைத் தேர்ந்தெடுக்க வேண்டியிருக்கும்போது, தெரிந்தவர் பக்கம் கொஞ்சம் கொஞ்சமாகச் சேர்ந்துகொண்டே போகும். ஒரு ஆட்டத்தில் உங்கள் மகன் யாரை வேண்டுமானாலும் ஜெயிக்கலாம். அதனால்தான் போட்டிகளை ஒற்றை ஆட்டமாக வைப்பதில்லை, 7 புள்ளி, 11 புள்ளி, சில நேரம் 21 புள்ளி வரை ஆடச் சொல்கிறார்கள்.

நண்பர்கள் நடத்திய 7 புள்ளிப் போட்டி, அரையிறுதி. நான் 4, எதிராளி 6. கிராஃபோர்ட் ஆட்டத்தை ஜெயித்து 5-6 ஆக்கினேன். அடுத்ததையும் ஜெயித்து 6-6. கடைசி ஆட்டத்தில் அவருக்கு முதல் முக்கோணத்தில் 4 காய் பாக்கி, எனக்கும் அதே மாதிரி 2 காய், உருட்ட வேண்டியது அவர். இரட்டை விழுந்தால் மட்டுமே அவர் ஜெயிக்க முடியும். இரட்டை ஆறு போட்டார். மூன்று நாளாகச் சரியான தூக்கமில்லை சார். நான் என்ன தப்பு செய்தேன்? எல்லா நகர்வுகளையும் எழுதி அனுப்பியிருக்கிறேன்.
– வேளச்சேரி, மென்பொருள் ஊழியர்

நகர்வுகளை எழுதி அனுப்பியதற்கு முதலில் நன்றி, பெரும்பாலானவர்கள் கடைசி உருட்டலை மட்டும்தான் சொல்வார்கள். ஞாயிற்றுக்கிழமை காலையில் பலகையை விரித்து உங்கள் கடைசி ஆட்டத்தை முதலிலிருந்து வைத்துப் பார்த்தேன். நன்றாக ஆடியிருக்கிறீர்கள். பந்தயம் போல ஓட வேண்டிய நேரத்தில் ஓடியிருக்கிறீர்கள், வீணாக ஒரு காயைக்கூடத் திறந்து வைக்கவில்லை. கடைசியில் 36-ல் 30 உங்கள் பக்கம் இருந்தது. மீதி 6 அவர் பக்கம். ஒற்றைப் பகடையை உருட்டி ஒன்று விழுவதற்கு என்ன வாய்ப்போ அதே வாய்ப்புதான் இரட்டை விழுவதற்கும். தாயம் ஆடுகிற குழந்தைகூட அதை அதிசயம் என்று சொல்லாது. அந்த இரட்டை ஆறில் உங்கள் தப்பு எதுவும் இல்லை.

தப்பு அதற்கு முந்தைய ஆட்டத்தில் இருக்கிறது, நீங்கள் ஜெயித்த ஆட்டத்தில்.

மற்ற வாசகர்களுக்காக இதைச் சொல்ல வேண்டும். பேக்கமனில் இரண்டு பகடையோடு டபுளிங் க்யூப் என்று ஒரு கட்டை உண்டு. 2, 4, 8, 16, 32, 64 என்று எழுதியிருக்கும். 1920-களில் நியூயார்க்கில் வந்து சேர்ந்த வழக்கம் இது, அதற்கு முன் பல நூற்றாண்டு இந்த ஆட்டம் அது இல்லாமலே ஓடிக்கொண்டிருந்தது. உங்கள் முறை வரும்போது, பகடையை உருட்டுவதற்கு முன்னால், ஆட்டத்தின் மதிப்பை இரண்டு மடங்காக்கலாமா என்று க்யூபைத் தள்ளிக் கேட்கலாம். எதிராளி ஒத்துக்கொண்டால் மதிப்பு 2. மறுத்தால் அந்த ஆட்டத்தை அப்போதே 1 புள்ளிக்கு விட்டுக்கொடுக்க வேண்டும். ஒருவர் ஜெயிக்க இன்னும் ஒரே புள்ளி என்ற நிலைக்கு வந்ததும் அடுத்த ஒரு ஆட்டத்துக்கு மட்டும் க்யூபைத் தொடக் கூடாது, அதுதான் கிராஃபோர்ட் விதி, ஜான் கிராஃபோர்ட் என்ற ஆட்டக்காரரின் பெயர். அந்த ஆட்டம் முடிந்ததும் க்யூப் மறுபடியும் நடுவில் வந்துவிடும்.

சரி, உங்கள் 5-6 ஆட்டத்துக்கு வருவோம். எதிராளி 3-1 போட்டு ஐந்தாம் வீட்டைக் கட்டினார், முதல் நகர்வில் விழக்கூடியதில் மிக நல்லது அது. உங்கள் முறை. நீங்கள் கொஞ்சம் பின்தங்கியிருக்கிறீர்கள். பின்தங்கியிருக்கும்போது எவனாவது இரட்டிப்பானா என்று நினைத்து உருட்டிவிட்டீர்கள். ஆனால் அந்த நேரத்தில் யோசிக்க வேண்டியது இது: இந்த ஆட்டத்தில் தோற்றால் அவருக்கு 7 ஆகிவிடும், எல்லாம் முடிந்தது. க்யூப் 1-ல் இருந்தாலும் 2-ல் இருந்தாலும் அந்தத் தோல்வி ஒன்றுதான். ஜெயித்தால்? க்யூபைக் கொடுத்திருந்தால் 5-ம் 2-ம் 7, போட்டியே உங்களுடையது. கொடுக்காததால் வெறும் 6-6. அதாவது இரட்டிப்பதால் உங்களுக்கு இழப்பு என்று எதுவுமே கிடையாது, லாபம் மட்டும்தான். அவர் முந்தியிருந்ததால் கண்டிப்பாக ஒத்துக்கொண்டிருப்பார். உங்களுக்குப் பாதிக்குச் சற்றுக் குறைவான வாய்ப்பு இருந்தது, அந்த ஒரே ஆட்டத்தில் போட்டி முடிந்திருக்கும். நீங்களோ அதை ஜெயித்துவிட்டு, இன்னொரு ஆட்டத்தையும் ஜெயித்தாக வேண்டும் என்ற நிலையில் போய் உட்கார்ந்தீர்கள். கம்மனைக் கணக்கில் சேர்க்காமல் பார்த்தால் உங்கள் வாய்ப்பை நீங்களே ஏறக்குறையப் பாதியாக வெட்டிக்கொண்டீர்கள். (கம்மன் என்றால், எதிராளி ஒரு காயைக்கூடப் பழமாக்குவதற்கு முன் நாம் எல்லாவற்றையும் எடுத்துவிடுவது, இரண்டு மடங்கு புள்ளி.)

இதை உங்களை நோகடிக்கச் சொல்லவில்லை. அந்த இரட்டை ஆறுக்குப் பதிலாக 5-4 விழுந்திருந்தால் நீங்கள் இறுதிப் போட்டிக்குப் போயிருப்பீர்கள், எனக்குக் கடிதம் எழுதியிருக்க மாட்டீர்கள், இந்தத் தப்பு அப்படியே உங்களோடு அடுத்த போட்டிக்கும் வந்திருக்கும். இந்த ஆட்டத்தில் என்னை மிகவும் யோசிக்க வைத்த விஷயம் இதுதான், வலிக்கிற இடத்தில் தப்பு இருப்பதில்லை, தப்பு இருக்கிற இடம் பெரும்பாலும் வலிப்பதில்லை. ஜெயித்த ஆட்டத்தை யாரும் திருப்பிப் பார்ப்பதில்லை. இனி நீங்கள் பாருங்கள். தூக்கம் வராத ராத்திரிகளில் அந்த 5-6 நிலையை மனசில் ஓட்டுங்கள், கடைசி உருட்டலை வேண்டாம்.

என் அண்ணனின் நண்பர்கள், இது பொம்பளைங்க ஆட்டம் இல்லை என்கிறார்கள். பெண்கள் யாராவது பெரிய அளவில் ஜெயித்திருக்கிறார்களா?
– கே.கே. நகர், கல்லூரி மாணவி

ஜப்பானின் அகிகோ யசாவா 2014-லும் 2018-லும் மான்டே கார்லோவில் உலகப் பட்டத்தை ஜெயித்தவர். பெண்களுக்கென்று தனியாக வைத்த பட்டம் இல்லை, எல்லோரும் சேர்ந்து ஆடிய போட்டி. உலகப் பட்டத்தை இரண்டு முறை ஜெயித்தவர்கள் விரல் விட்டு எண்ணக்கூடியவர்கள்தான், அவர் நாட்டுக்காரரான மசாயுகி மொச்சிசுகி 2009-லும் 2021-லும் ஜெயித்தார். அண்ணனின் நண்பர்களை ஒரு 7 புள்ளிப் போட்டிக்குக் கூப்பிடுங்கள், க்யூபோடு.

பகடை என்றாலே எங்கள் வீட்டில் சகுனிதான் ஞாபகம் வருகிறது. வள்ளுவர் சூதைத் தனி அதிகாரமாகவே வைத்துக் கண்டித்திருக்கிறார். நீங்கள் பத்திரிகையில் இப்படி ஒரு ஆட்டத்தைச் சிபாரிசு செய்யலாமா?
– மயிலாப்பூர், ஓய்வுபெற்ற ஆசிரியை

கேட்க வேண்டிய கேள்வி அம்மா. சுற்றி வளைக்காமல் சொல்கிறேன். பணம் வைத்து ஆடாதீர்கள், ஆட விடாதீர்கள். பேக்கமனுக்கு உலகம் முழுக்கப் பணத்தோடு நெடுங்காலத் தொடர்பு உண்டு, அதை நான் மறைக்கப் போவதில்லை. க்யூப் என்பதே பந்தயத்திலிருந்து பிறந்ததுதான். ஆனால் இன்று அதே க்யூபை வெறும் புள்ளிக்காக வைத்து ஆடும்போது அது ஒரு கணக்குப் பாடமாகிவிடுகிறது.

திறமை ஆட்டமா சூதா என்ற வழக்கு நம் ஊருக்குப் புதிதில்லை. கிண்டி குதிரைப் பந்தயத்தை வைத்து உச்ச நீதிமன்றம் வரை போய், 1996-ல் அது பெரும்பாலும் திறமை சார்ந்தது என்று தீர்ப்பு வந்தது. அதற்கு முன் 1968-ல் ரம்மிக்கும் அப்படி ஒரு தீர்ப்பு உண்டு. ஆனால் 2025 ஆகஸ்டில் நாடாளுமன்றம் நிறைவேற்றிய சட்டம், இணையத்தில் பணம் கட்டி ஆடுகிற ஆட்டம் எதுவானாலும், திறமையா அதிர்ஷ்டமா என்றே பார்க்காமல் தடை செய்கிறது. எனக்கு அதில் வருத்தமில்லை. ரம்மிக் கடனில் நம் மாநிலத்தில் எத்தனை குடும்பங்கள் நொறுங்கின என்று நீங்களும் நானும் செய்தித்தாளில் படித்தவர்கள்தானே.

சகுனியைப் பற்றி ஒன்று. அங்கே பகடை பொய்ப் பகடை, ஆடியவர் தருமரும் இல்லை சகுனியும் இல்லை என்றுதான் நான் சொல்வேன். போட்டிப் பேக்கமனில் பகடையைக் கையால் போடவே கூடாது. உள் விளிம்பு வைத்த குவளையில் குலுக்கி, பலகையின் உங்கள் வலப்பக்கப் பாதியில் கொட்ட வேண்டும். இரண்டும் தட்டையாக உட்கார வேண்டும். ஒன்று காய் மேல் சாய்ந்து நின்றாலும் இரண்டையும் திருப்பி உருட்ட வேண்டும். எதிராளிக்குச் சந்தேகம் வந்தால் பகடையை மாற்றிக்கொள்ளக் கேட்கலாம்.

நான் ஏழு வயதிலிருந்து செஸ் ஆடுகிறேன், ரேட்டிங் இருக்கிறது. பேக்கமன் பழகினால் எனக்கு எது கஷ்டமாக இருக்கும்?
– அடையாறு, பிளஸ் டூ மாணவர்

கணக்கு உனக்குச் சீக்கிரம் வந்துவிடும் தம்பி. கஷ்டம் வேறு இடத்தில். செஸ்ஸில் தோற்றால் எங்கேயோ நீ தப்பு செய்திருக்கிறாய், அதைத் தேடினால் கிடைக்கும். ஜெயித்தால் எதிராளி தப்பு செய்திருக்கிறார். சென்னையில் செஸ் ஆடி வளர்ந்த பிள்ளைக்கு அந்த நியாயம் ரத்தத்தில் ஊறியிருக்கும். இங்கே நன்றாக ஆடித் தோற்பாய், மோசமாக ஆடி ஜெயிப்பாய், ஒரு மாதம் முழுக்கக்கூட அப்படி நடக்கும். முடிவைப் பார்த்து நீ எப்படி ஆடினாய் என்று தெரிந்துகொள்ள முடியாது.

இதற்கு எனக்குப் பிடித்த உதாரணம் 1979. அப்போதைய உலகச் சாம்பியன் லூயிஜி வில்லாவை மான்டே கார்லோவில் ஒரு கணினி நிரல் 7-1 என்று தோற்கடித்தது. ஹான்ஸ் பெர்லினர் எழுதிய நிரல் அது. ஒரு பலகை ஆட்டத்தில் உலகச் சாம்பியனைக் கணினி ஜெயித்தது அதுதான் முதல் முறை, செஸ்ஸில் காஸ்பரோவ் தோற்றதெல்லாம் 1997-ல்தான். ஆனால் பெர்லினர் பிறகு உட்கார்ந்து நகர்வு நகர்வாக ஆராய்ந்துவிட்டு என்ன எழுதினார் தெரியுமா? நுட்பமாக ஆடியது வில்லாதான், தன் நிரலுக்குப் பகடை கை கொடுத்தது என்று. ஜெயித்தவனே உட்கார்ந்து அப்படி எழுதினான் பார், அந்த மனசு இந்த ஆட்டத்துக்கு வேண்டும். 7-1 என்ற எண்ணை வைத்துக்கொண்டு அவர் காலத்துக்கும் பேசிக்கொண்டிருந்திருக்கலாம்.

அதற்கப்புறம் 1992 வாக்கில் ஐபிஎம்-மில் ஜெரால்ட் டெசாரோ, தன்னோடு தானே லட்சக்கணக்கான ஆட்டம் ஆடிக் கற்றுக்கொள்ளும் நிரலை உருவாக்கினார். மனிதர்கள் சரி என்று நம்பிய சில ஆரம்ப நகர்வுகளை அது மாற்றியே விட்டது. இன்று வீட்டுக் கணினியிலேயே குனு பேக்கமன் இலவசமாகக் கிடைக்கிறது. உன் ஆட்டத்தை அதில் ஏற்றினால் ஒவ்வொரு நகர்வுக்கும் எவ்வளவு இழந்தாய் என்று காட்டும். போட்டி ஆடுகிறவர்கள் அந்த இழப்பின் சராசரியை பி.ஆர். என்று சொல்வார்கள், குறையக் குறைய நல்லது, 3-க்குக் கீழே என்றால் உலகத் தரம். செஸ் ரேட்டிங் போல ஜெயித்தால் ஏறாது, தோற்றால் இறங்காது, எப்படி முடிவெடுத்தாய் என்பது மட்டும்தான் அதில் இருக்கும். ஜெயித்துவிட்டு வந்த அன்றைக்கு பி.ஆர். மோசமாக இருந்தால் சந்தோஷத்தைக் கொஞ்சம் ஒத்திவைக்கிற பழக்கம் உனக்கு வந்தால் போதும், மற்றதெல்லாம் வந்துவிடும்.

இன்னொரு விஷயம். பாரசீகத்தில் ஒரு பழங்கதை உண்டு. இந்திய அரசர் சதுரங்கத்தை அனுப்பி, இதை எப்படி ஆடுவது என்று கண்டுபிடியுங்கள் பார்ப்போம் என்று சவால் விட்டாராம். அதைக் கண்டுபிடித்த அமைச்சர் புசுர்க்மெஹர், பதிலுக்குப் பேக்கமனின் முன்னோடியான நர்த் என்ற ஆட்டத்தை உருவாக்கி இந்தியாவுக்கு அனுப்பினாராம். அப்படிப் பார்த்தால் உனக்கு இரண்டுமே சொந்தம்.

வீட்டில் ஆடும்போது நன்றாக ஆடுகிறேன். கடிகாரம் வைத்து, எதிரே புது ஆள் உட்கார்ந்தால் கை நடுங்குகிறது, எண்ணிக்கை மறந்துவிடுகிறது. இரண்டு ஆட்டம் வரிசையாகத் தோற்றால் அப்புறம் என்ன ஆடுகிறேன் என்றே தெரியவில்லை.
– தாம்பரம் வாசகர்

கை நடுக்கத்தை விடுங்கள், குவளையில் பகடை குலுங்கும் சத்தத்தில் அது யாருக்கும் தெரியாது. நேரத்தைப் பற்றி ஒரு தெளிவு இருந்தால் பாதிப் பதற்றம் போய்விடும். வழக்கமான ஏற்பாடு, ஒவ்வொரு முறைக்கும் 12 விநாடி இலவசம், அதற்கு மேல் போனால்தான் உங்கள் கையிருப்பு நேரத்திலிருந்து கழியும், கையிருப்பு ஒரு புள்ளிக்கு 2 நிமிடம். 7 புள்ளிப் போட்டிக்கு 14 நிமிடம். பெரும்பாலான நகர்வுகள் 12 விநாடிக்குள் முடிந்துவிடும், ஆகவே அந்த 14 நிமிடத்தையும் நாலைந்து கடினமான இடங்களுக்கு வைத்துக்கொள்ளலாம். எங்கே நிறுத்தி யோசிப்பது என்று முன்கூட்டியே முடிவு செய்யுங்கள். நான் வைத்திருக்கிற வழக்கம்: க்யூபைக் கொடுக்கவோ வாங்கவோ வேண்டியிருந்தால் நிறுத்துவேன், முதல் முறை வெட்டுப்பட்டால் நிறுத்துவேன்.

எண்ணிக்கைக்கு ஒரு கைப்பிடி. தொடக்கத்தில் இருவருக்கும் 167 கட்டம் பாக்கி. காய்கள் ஒன்றையொன்று தாண்டிப் போய் வெறும் ஓட்டமாக மாறிய பிறகு, உங்கள் பாக்கியில் நூற்றுக்கு 8 பங்கு எதிராளி பின்தங்கியிருந்தால் இரட்டிக்கலாம், 12 பங்கு வரை அவர் ஒத்துக்கொள்ளலாம். உங்களுக்கு 100 பாக்கி, அவருக்கு 110 என்றால் நீங்கள் கொடுப்பதும் சரி, அவர் வாங்குவதும் சரி. வீட்டில் டிவி ஓடிக்கொண்டிருக்கும்போது, குழந்தைகள் கத்திக்கொண்டிருக்கும்போது எண்ணிப் பழகுங்கள், அமைதியான அறையில் பழகியது போட்டி அறையில் வராது.

வரிசையாகத் தோற்பதுதான் பெரிய விஷயம். எனக்கு நடந்ததைச் சொல்கிறேன். சில வருடம் முன்பு, எழும்பூர்ப் பக்கம் ஒரு மாடி அறையில், 9 புள்ளிப் போட்டி. 3-1 என்று முந்தியிருந்தேன். அடுத்த இரண்டு ஆட்டத்திலும் வெட்டுப்பட்ட என் காய் திரும்ப உள்ளே வரவே இல்லை. அவர் ஆறில் நான்கு வீட்டைத்தான் அடைத்திருந்தார், 36-ல் 20 விதம் நான் உள்ளே வரலாம், மூன்று முறை தொடர்ந்து வரவில்லை. இரண்டையும் இரட்டித்த மதிப்பில் இழந்து 3-5. மே மாதம், மின்விசிறி சுடுகாற்றைத்தான் இறக்கிக்கொண்டிருந்தது, காபி டம்ளரை நான் தொடவே இல்லை, மேலே ஆடை படிந்துவிட்டது. அடுத்த ஆட்டத்தில் அவர் க்யூபைத் தள்ளினார். என் இரண்டு காய் அவர் வீட்டுக்குள் சிக்கியிருக்கிறது, முன்னால் ஐந்து வீட்டுச் சுவர். ஒரு பார்வையிலேயே விட்டுக்கொடுக்க வேண்டிய இடம். விட்டுக்கொடுத்திருந்தால் 3-6, போட்டி உயிரோடு இருந்திருக்கும். நான் ஒரு விநாடிகூட யோசிக்காமல் க்யூபை எடுத்து என் பக்கம் வைத்தேன். எடுக்கும்போது என் மனசில் ஓடியது இந்த நிலை இல்லை, முந்தைய இரண்டு ஆட்டம். எனக்கு இப்போதாவது நல்லது விழ வேண்டும், விழுந்தாக வேண்டும் என்ற கோபம். கம்மன் ஆனது, இரண்டு மடங்கில் இரண்டு மடங்கு, 4 புள்ளி, 3-9. எதிரே இருந்தவர் நல்ல மனிதர், கை கொடுத்துவிட்டு ஒன்றும் சொல்லவில்லை. பஸ் ஏறின பிறகுதான் எனக்கு உறைத்தது.

க்யூபை வாங்குவதற்கு எளிய அளவுகோல் ஒன்று உண்டு, அன்று எனக்கு நன்றாகத் தெரிந்ததுதான். நான்கு தடவை இதே நிலை வருகிறது என்று வைத்துக்கொள்ளுங்கள். நான்கையும் விட்டுக்கொடுத்தால் 4 புள்ளி போகும். நான்கையும் வாங்கி, மூன்றில் தோற்று ஒன்றில் ஜெயித்தால் 6 போய் 2 வரும், அதே 4. ஆக நாலில் ஒரு பங்கு ஜெயிக்க முடியும் என்றால் வாங்கலாம், அதற்குக் கீழே என்றால் விட்டுவிட வேண்டும். போட்டிப் புள்ளியைப் பொறுத்து இது கூடும் குறையும், கம்மன் பயம் இருந்தால் இன்னும் அதிகம் வேண்டும், ஆனால் தொடங்க வேண்டிய இடம் இது. இப்போதெல்லாம் க்யூப் என் பக்கம் வந்ததும் இரண்டு கையையும் மடியில் வைத்துக்கொள்கிறேன். நாலில் ஒன்று உண்டா என்று வாய்க்குள் கேட்டு, பதில் வந்த பிறகுதான் கையை எடுப்பேன். இரண்டு ஆட்டம் தொடர்ந்து தோற்றால் எழுந்து போய் முகம் கழுவிவிட்டு வருவேன், ஆட்டங்களுக்கு நடுவே சின்ன இடைவேளை கேட்க விதி இடம் தருகிறது, கேட்பதில் கூச்சம் வேண்டாம். நீங்களும் உங்களுக்கென்று ஏதாவது ஒன்று வைத்துக்கொள்ளுங்கள், கைக்கு வேலை கொடுக்கிற மாதிரி.

எப்போது க்யூபைக் கொடுப்பது என்று எனக்கு எப்போதும் குழப்பம். ஒரே வரியில் வழி உண்டா?
– நங்கநல்லூர் வாசகர்

கிட் உல்சி என்ற அமெரிக்க ஆட்டக்காரரின் பெயரில் ஒரு விதி இருக்கிறது. எதிராளி இடத்தில் நானே உட்கார்ந்திருந்தால் வாங்குவேனா விடுவேனா என்று உங்களுக்கே உறுதியாகச் சொல்ல முடியவில்லை என்றால், கொடுங்கள். பெரும்பாலும் சரியாகவே இருக்கும்.

சென்னையில் பலகை தேடினேன், விலை அதிகமாக இருக்கிறது. பழகுவதற்கு வேறு வழி?
– வியாசர்பாடி வாசகர்

சார்ட் பேப்பரில் 24 முக்கோணம் வரையுங்கள், நடுவில் ஒரு பட்டை விடுங்கள், வெட்டுப்பட்ட காய் அங்கேதான் உட்கார வேண்டும். காய்க்குக் கேரம் காய் போதும், ஒரு செட்டில் வெள்ளை 9 கருப்பு 9 தான் இருக்கும் என்பதால் இரண்டு செட் வேண்டும், பக்கத்து வீட்டில் ஒன்று கட்டாயம் இருக்கும். பகடை இரண்டும் ஒரே அளவாக, ஒரே எடையாகப் பார்த்து வாங்குங்கள், பாரிமுனைப் பக்கம் பொம்மை விற்கிற தெருக்களில் கிடைக்கும். குவளைக்கு எவர்சில்வர் டம்ளர், உள்ளே பழைய சட்டைத் துணி ஒட்டினால் சத்தம் குறையும், பகடையும் நன்றாக உருளும். இன்னொரு பகடையின் ஆறு முகத்திலும் தாள் ஒட்டி 2, 4, 8, 16, 32, 64 என்று எழுதிக்கொள்ளுங்கள், அதுதான் உங்கள் க்யூப். தொடங்கும்போது 64 மேலே இருக்கும்படி பலகையின் நடுவில் வையுங்கள். ஆட ஒரு ஆள் கிடைக்கவில்லை என்றால் எழுதுங்கள், வடசென்னையில் இன்னும் இரண்டு பேர் இதே கேள்வியைக் கேட்டிருக்கிறார்கள், அவர்களிடம் கேட்டுவிட்டு உங்களைச் சேர்த்து வைக்கிறேன்.